காருக்கு எண்ணெய் ஆற்றிய நாச்சிமுத்து

தப்பாகச் சொல்லிவிடுவோமோ என்பதுதான் மயிலாத்தாளுக்கு எப்போதும் உள்ள பயம். ஐந்தாம் வகுப்பில் வாத்தியார் நாளைக்கு வாய்ப்பாடு கேட்பேன் என்றார். தப்பாகச் சொன்னால் என்ன ஆகுமோ என்று மறுநாள் அவள் பள்ளிக்கூடம் போகவில்லை. அதற்கப்புறம் போகவே இல்லை. கல்யாணமான புதிதில் புருஷன் கிட்டுசாமிக்குப் பல்வலி என்று டாக்டரிடம் கூட்டிப்போனாள். எந்தப் பல் என்று கேட்டதும் பதறிப்போய்த் தன் கன்னத்தையே தொட்டுக் காட்டினாள். டாக்டர் அவசரக்காரர். பல் இல்லாமல் வீடு திரும்பியது மயிலாத்தாள். வலியோடு திரும்பியது கிட்டுசாமி.

அப்படிப்பட்டவள் தலையில்தான் மாப்பிள்ளையின் கார் வந்து விடிந்தது.

பொள்ளாச்சியிலிருந்து உடுமலை போகிற வழியில் சங்கிலிப்பாளையம் பிரிவு என்று ஒரு நிறுத்தம். அங்கே இவர்களுக்கு ஒரு டீக்கடை. கிட்டுசாமி பஜ்ஜி போடுவார். அவர் தம்பி நாச்சிமுத்து டீ மாஸ்டர். கையைத் தலைக்கு மேல் தூக்கி, இடுப்புக்குக் கீழே இருக்கிற குவளைக்குள் ஒரு சொட்டுச் சிந்தாமல் டீயை ஆற்றுவான். அதைப் பார்க்கவே பஸ்ஸை நிறுத்துகிறவர்கள் உண்டு. கடைசித் தம்பி அப்பாச்சி கிளாஸ் கழுவுவான். முன்பு பால்வண்டி ஓட்டியவன் என்பதால், எதைப் பேசினாலும் நாலும் தெரிந்தவன் மாதிரி பேசுவான். மூவருமே நல்லவர்கள். யார் எதைச் சொன்னாலும் அதை அப்படியே செய்வார்கள். அதுதான் தொல்லை.

மாப்பிள்ளை நவநீதனுக்கு வால்பாறையில் எஸ்டேட் ஆபீசில் வேலை. மயிலாத்தாளின் மகள் யமுனாவை அழைத்துக்கொண்டு ரயிலில் சென்னைக்குப் போனார். காரை மாமனார் வீட்டில் விட்டார். "டீக்கடைக்காரங்ககிட்டக் காரை விட்டா உருப்படுமா?" என்று அவருடைய அம்மா கேட்டது மயிலாத்தாள் காதுவரைக்கும் வந்துவிட்டது. வெள்ளிக்கிழமை மாப்பிள்ளை வந்து எடுக்கும்போது கார் விட்டபடியே இருக்க வேண்டும். இல்லாவிட்டால் அந்தச் சம்பந்தியம்மா யமுனாவை ஆயுசுக்கும் குத்திக் காட்டுவாள்.

மாப்பிள்ளை போகும்போது ஒன்றே ஒன்றுதான் சொன்னார். "வண்டி பழசுதானுங்க அத்தை, ஆனா ஆட்டோமேட்டிக்கு. கியரெல்லாம் அதுவே போட்டுக்கும். சும்மாவே நிறுத்தி வெச்சறாதீங்க."

ரயில் ஏறியிருப்பார்களோ இல்லையோ, இங்கே அண்ணன் தம்பிகள் கூடி உட்கார்ந்துவிட்டார்கள்.

"சும்மா நிறுத்தக் கூடாதுன்னா வேலை குடுக்கோணும்" என்றார் கிட்டுசாமி.

"அதுக்கு என்ன வேலை தெரியும்ணா?" என்றான் நாச்சிமுத்து.

"ஆட்டோமேட்டிக்குன்னு சொல்லிட்டாரல்லோ. எல்லாம் அதுவே செய்யும்."

முன் சீட்டில் பால் கேனை வைத்தார்கள். கதவைச் சாத்தினார்கள். "பால் சொசைட்டி" என்று கண்ணாடி வழியாகச் சத்தமாகச் சொல்லிவிட்டு, மூன்று பேரும் வழிவிட்டு ஒதுங்கி நின்றார்கள். கார் அசையவில்லை.

"புது இடம். கூச்சப்படுது" என்றான் அப்பாச்சி. "பழகற வரைக்கும் நான் கூட உக்காந்துக்கறேன்."

பக்கத்துக் குன்றின் மேல் இருக்கிற கரட்டு முருகன் கோயிலில் அப்போது திருவிழா. வருஷா வருஷம் டீ வண்டியை மூச்சு வாங்கத் தள்ளிக்கொண்டு கரடு ஏறுவார்கள். இந்த வருஷம் தள்ளுவண்டியைக் காருக்குப் பின்னால் கயிறு போட்டுக் கட்டினார்கள். வண்டியின் மேல் பாய்லர், அடுப்பு, விறகு, பெஞ்சு, தண்ணீர்க் குடம். போகிற வழியிலேயே வியாபாரம் நடக்கட்டும் என்று நாச்சிமுத்துவும் மேலே ஏறி நின்றான். பஜ்ஜிச் சட்டியை மடியில் வைத்துக்கொண்டு கிட்டுசாமி காருக்குள். அப்பாச்சி ஓட்டினான்.

பாதிக் கரட்டில் கார் உறுமியது. உறுமிக்கொண்டே நின்றது. ஸ்டியரிங்குக்கு முன்னால் ஒரு சிவப்பு விளக்கு எரிந்தது. தீய்ந்த வாசனை வந்தது. கிட்டுசாமி முதலில் தன் சட்டியைத்தான் எடுத்து மோந்து பார்த்தார். பஜ்ஜி நன்றாகத்தான் இருந்தது.

மிதிக்க மிதிக்கச் சத்தம்தான் வந்ததே தவிர, கார் ஒரு அடிகூட நகரவில்லை. கடைசியில் எல்லாருமாகப் பின்னோக்கித் தள்ளிக் கடைக்குக் கொண்டுவந்து சேர்த்தார்கள். நிறுத்திய கொஞ்ச நேரத்தில் காருக்கு அடியில் சிவப்பாகச் சொட்ட ஆரம்பித்தது.

"ரத்தம்!" என்றான் நாச்சிமுத்து.

யார் மேலோ ஏற்றிவிட்டோம் என்று மூவரும் கரட்டுப் பாதையெல்லாம் தேடினார்கள். அடிபட்ட ஆடில்லை, கோழியில்லை. திரும்பி வந்து கிட்டுசாமி எல்லாரையும் வரிசையாக நிற்கவைத்து எண்ணிப் பார்த்தார். ஆள் குறையவில்லை.

"அப்ப காருக்குத்தான் அடி" என்றான் அப்பாச்சி. மயிலாத்தாள் உடனே பொள்ளாச்சியில் பட்டறை வைத்திருக்கும் கனி பாய்க்குப் போன் போட்டாள்.

"கனி பாய், மாப்பிள்ளை கார் நகர மாட்டேங்குது. செவப்பாச் சொட்டுது. நான் சரியாத்தான் சொல்றேனுங்களா?"

"சரியாத்தாம்மா சொல்றீங்க. அது கியர் எண்ணெய். வண்டிக்கு அடியில ஒரு அட்டையை விரிங்க. கொஞ்ச நேரம் கழிச்சு, எந்த எடத்துல சொட்டுதுன்னு பாத்துச் சொல்லுங்க. தப்பில்லாமச் சொல்லோணும், என்ன?"

தப்பில்லாமல் என்ற வார்த்தையைக் கேட்டதும் மயிலாத்தாள் கடைக்குள் ஓடினாள். பிஸ்கட் பெட்டி ஒன்றைப் பிரித்து அடியில் விரித்தாள். நாலு சொட்டு விழுந்ததும் அட்டையைப் பத்திரமாக உருவிக்கொண்டு வந்து, வெளிச்சத்தில் வைத்துப் பார்த்து, போனில் சொன்னாள்: "பிஸ்கட் படத்துல, குழந்தை சிரிக்குதல்லோங்க, அதோட மூக்கு மேல."

"அம்மா, அட்டையில இல்ல. வண்டியில எந்த எடம்?"

"அட்டையை எடுத்துட்டமேங்க."

"மறுபடி வைங்க."

மறுபடி வைத்தார்கள். ஆனால் குழந்தையின் மூக்கு முதலில் எந்தப் பக்கம் பார்த்திருந்தது என்பதில் அண்ணன் தம்பிகளுக்குள் தகராறு வந்துவிட்டது. அப்பாச்சி வடக்கு என்றான். நாச்சிமுத்து தெற்கு என்றான். கிட்டுசாமி அட்டையைத் தூர எறிந்துவிட்டு, தானே காருக்கு அடியில் படுத்துக்கொண்டார். சொட்டு அவர் நெற்றியில் விழுந்தது.

"முன்பக்கமுங்க, ரேடியேட்டருக்கு அடியில, எங்க ஊட்டுக்காரர் நெத்தியில" என்று மயிலாத்தாள் சொன்னாள். ஒன்றையும் விடக் கூடாதே.

"நல்லது. இப்ப பானெட்டைத் தூக்குங்க. கியர் எண்ணெய்க்குன்னு ஒரு அளவுக் கம்பி இருக்கும். உருவிப் பாத்து, எண்ணெய் தெளிவாச் செவப்பா இருக்குதா, இல்ல ரோஸ்மில்க் மாதிரி இருக்குதான்னு சொல்லுங்க."

டீக்கடைக்காரியிடம் இதைக் கேட்டால் சொல்லத் தெரியாதா? கம்பியைப் பார்த்ததுமே சொன்னாள். "ரோஸ்மில்க்கேதானுங்க. அதுவும் எசன்ஸ் கம்மியாப் போட்டது."

"அப்ப தண்ணி கலந்துருச்சும்மா" என்றார் கனி பாய். "கூலர் போச்சு. புரியற மாதிரி சொல்றேன், கேட்டுக்குங்க. கியர் பெட்டிக்குள்ள எண்ணெய் சுத்திச் சுத்திச் சூடாகும். அந்தச் சூட்டை ஆத்தித் திருப்பி அனுப்பறதுக்கு ரேடியேட்டருக்குள்ள ஒரு சாமான் இருக்குது. உங்க கடையில டீ ஆத்தறாரே, அந்த மாதிரி ஒரு ஆளு முன்னால காத்துப் படற எடத்துல உக்காந்திருக்கான்னு வைங்க. அவன் செத்துட்டான். வேற ஆளைப் போடோணும். அவ்வளவுதான்."

கோயமுத்தூரிலிருந்து புது ரேடியேட்டர் கூலரோடு வர வேண்டும், வியாழக்கிழமை தானே கொண்டுவந்து மாட்டுகிறேன் என்றார். அதுவரைக்கும் அடியில் இருக்கிற நட்டைக் கழற்றி எண்ணெயை மட்டும் இறக்கி வைக்கச் சொன்னார். "முக்கியமா ஒண்ணு. நான் வர்ற வரைக்கும் யாரும் வண்டியை ஓட்டக் கூடாது."

மயிலாத்தாள் கேட்டதை ஒரு எழுத்து விடாமல் மூவரிடமும் சொன்னாள். முதலில் கிட்டுசாமி தோளில் இருந்த துண்டை எடுத்துக் கையில் வைத்துக்கொண்டார்.

"செத்தது யாருன்னு தெரியல. ஆனா நம்ம தொழில்காரன்" என்றார்.

செத்தவனுக்காகக் கடையைக்கூட அரை நாள் சாத்தினார்கள். பிறகு அப்பாச்சிதான் தொண்டையைச் செருமினான்.

"அண்ணா, வேற ஆளைப் போடோணும்னு சொன்னாரல்லோ. கோயமுத்தூரிலிருந்து எதுக்கு ஆள் வரோணும்? இந்தத் தாலூகாவிலேயே நாச்சிமுத்து அண்ணனை மிஞ்சி ஆத்தறவன் யாரு?"

நாச்சிமுத்து வெட்கப்பட்டுத் தரையைப் பார்த்தான். "எண்ணெயில எனக்குப் பழக்கமில்ல" என்றான். "ஆனா மாப்பிள்ளைக்குன்னா முடியாதுன்னு சொல்ல மாட்டேன்."

மயிலாத்தாளுக்கும் அது சரியாகவே பட்டது. முன்பின் தெரியாத ஆளை மாப்பிள்ளை காரில் போடுவதைவிட, சொந்தக்காரனைப் போடுவது நல்லதுதானே?

எண்ணெயைப் பால் அண்டாவில் இறக்கினார்கள். தண்ணீர் எவ்வளவு கலந்திருக்கிறது என்று தெரிய வேண்டுமே. பாலுக்கு வைத்திருக்கும் லாக்டோமீட்டரை உள்ளே விட்டார் கிட்டுசாமி. கண்ணைச் சுருக்கிப் பார்த்தார்.

"நம்ம பால்காரன் ஊத்தறதுக்கு இது எவ்வளவோ தேவல" என்றார்.

அந்த நேரம் பார்த்துப் பஞ்சாயத்து ஆபீஸ் சென்னியப்பன் வந்து பெஞ்சில் உட்கார்ந்தார். அண்டாவை எட்டிப் பார்த்தார். "ரோஸ்மில்க்கெல்லாம் போடறீங்களா? எனக்கொரு கிளாஸ் குடுங்க."

மயிலாத்தாள் ஓடிவந்து அண்டாவைப் பொத்தினாள். "ஐயோ, இது காருக்குங்க!"

"காருக்கு ரோஸ்மில்க்கு, எனக்கு மட்டும் வெறும் டீயா?" என்று எழுந்து போனவர்தான். அன்றைக்கு எதிர்க்கடையில் குடித்தார்.

தண்ணீர் போவதற்கு எண்ணெயை அடுப்பில் ஏற்றிச் சுண்டக் காய்ச்சினார்கள். நாறிய நாற்றத்தில் பஸ்ஸே நிறுத்தத்தைத் தாண்டிப் போய்த்தான் நின்றது. டீத்தூள் துணியில் வடிகட்டினார்கள். அப்புறம் நாச்சிமுத்து குளித்துவிட்டு வந்து, திருநீறு பூசி, இரண்டு பெரிய குவளைகளை எடுத்து ஆற்ற ஆரம்பித்தான். இளஞ்சிவப்பாக ஒரு கயிறு, தலைக்கு மேலிருந்து முழங்கால்வரை, அறுபடாமல் இறங்கியது. பார்த்தவர்கள் அசந்துபோனார்கள்.

நடுவில் நிறுத்தினான். "அண்ணி, நுரை வேணுமா வேண்டாமா?"

மயிலாத்தாளுக்குத் திக்கென்றது. அதை அவள் கேட்கவே இல்லையே. மறுபடி போன் போட்டாள்.

"கனி பாய், ஆத்தறப்ப நுரை வேணுங்களா?"

வியாழக்கிழமை வரும்போது தனக்குத் தரப்போகும் டீயைப் பற்றித்தான் கேட்கிறாள் என்று நினைத்தார் கனி பாய். எவ்வளவு மரியாதையான குடும்பம் என்று அவருக்கு மனசு குளிர்ந்துவிட்டது. "நுரை நல்லா வரட்டும்மா. சக்கரை மட்டும் போட்டுறாதீங்க."

"நல்லவேளை கேட்டோம்" என்றாள் மயிலாத்தாள். கிட்டுசாமி அப்போதுதான் சர்க்கரை டப்பாவைத் திறந்திருந்தார்.

நுரை பொங்கப் பொங்க எண்ணெயைப் புனல் வைத்து உள்ளே ஊற்றினார்கள். காரை ஸ்டார்ட் செய்தார்கள். உறுமியது. நகரவில்லை.

"ஆத்தற ஆளு இன்னும் எடத்துல உக்காரலியே, எப்படி நகரும்?" என்றான் அப்பாச்சி. "முன்னால காத்துப் படற எடம்னு சொன்னாரல்லோ."

நாச்சிமுத்துவைப் பானெட்டின் மேல் உட்காரவைத்து, விழாமல் இருக்கக் கிட்டுசாமியின் துண்டால் கட்டினார்கள். இரண்டு கையிலும் குவளை. மிச்சம் வைத்திருந்த எண்ணெயை அவன் ஆற்றிக்கொண்டே இருக்க வேண்டும். யாரும் ஓட்டக் கூடாது என்று கனி பாய் சொல்லியிருந்ததால் என்ஜினை அணைத்தார்கள். காருக்குள் யாரும் உட்காரவில்லை. பின்னாலிருந்து தள்ள மட்டும் செய்தார்கள். தள்ளுவதை அவர் வேண்டாம் என்று சொல்லவில்லையே.

கடைக்கு முன்னால் ரோடு மெல்லச் சரிந்து போகும். கார் முதலில் தயங்கியது. அப்புறம் தள்ளுகிறவர்கள் கையை விட்டு நழுவியது. பிறகு வேகம் பிடித்தது.

"நகருது! நகருது!" என்று கிட்டுசாமி கைதட்டினார்.

"யாருமே ஓட்டல பாருங்கண்ணா" என்றான் அப்பாச்சி, கண் கலங்க. "இப்பத்தான் முழு ஆட்டோமேட்டிக்."

மயிலாத்தாள் மட்டும் வாயைப் பொத்திக்கொண்டு பின்னால் ஓடினாள். சரிவின் அடியில் தேங்காய் நார் மில். அதன் வாசலில் மலைபோலக் குவித்த நார்க்கழிவு. கார் அதற்குள் பாதிவரை போய்ப் பொதுக்கென்று நின்றது. குவியலுக்குள்ளிருந்து இரண்டு கைகள் வெளியே வந்தன. ஒன்று மேலே, ஒன்று கீழே.

"ஒரு சொட்டுச் சிந்தல அண்ணி" என்றான் நாச்சிமுத்து.

காரின் மேல் ஒரு கீறல்கூட இல்லை. அதைத் தடவித் தடவிப் பார்த்த பிறகுதான் மயிலாத்தாளுக்கு உயிர் வந்தது.

வியாழக்கிழமை கனி பாய் வந்தார். காரை நாரிலிருந்து வெளியே எடுக்க வைத்தார். அண்டாவைப் பார்த்தார், லாக்டோமீட்டரைப் பார்த்தார், முகத்தில் நார் ஒட்டியிருந்த நாச்சிமுத்துவையும் பார்த்தார். பழைய ரேடியேட்டரைக் கழற்றிப் புதியதை மாட்டினார். குழாய்களை எல்லாம் ஊதிச் சுத்தம் செய்தார். புது எண்ணெய் விட்டு, ஓடவிட்டு, அதையும் இறக்கி, மறுபடி விட்டார். எண்ணெய் தெளிவாகச் சிவப்பாக வரும்வரைக்கும் விடவில்லை. சாயங்காலம் கார் பூனைபோல நகர்ந்தது.

"புது ஆள் பரவாயில்ல" என்றான் நாச்சிமுத்து, கொஞ்சம் வருத்தமாக. "ஆனா நுரை வராது."

கனி பாய் டீயைக் குடித்துக்கொண்டே கேட்டார். "கூலர் தானா இப்படிப் போகாதே. பின்னால பாரம் ஏதாவது கட்டி இழுத்தீங்களா?"

"பாரமெல்லாம் இல்லீங்க" என்றார் கிட்டுசாமி. "நம்ம டீ வண்டி மட்டும்தான். அதுக்கும் சக்கரம் இருக்குதல்லோ, அது பாட்டுக்கு அது வருது."

கனி பாய் கண்ணாடி கிளாஸைக் கீழே வைத்தார். மயிலாத்தாளிடம் திரும்பி, மெதுவாக, ஒவ்வொரு வார்த்தையாகச் சொன்னார். "அம்மா, நீங்க ஒருத்தர்தான் சொன்னதைச் சரியா வாங்கிக்கறீங்க. உங்ககிட்டச் சொல்றேன். இனிமே இந்தக் காருக்குப் பின்னால எதையும் கட்டக் கூடாது. ஒரு கைக்குட்டைகூடக் கட்டக் கூடாது."

"கட்ட மாட்டேனுங்க. ஆனா மாப்பிள்ளை வால்பாறைக்கு மலை ஏறோணுமே. அத்தனை கொண்டை ஊசி வளைவுல மறுபடி சூடாயிட்டா?"

கனி பாய்க்கு அன்றைக்கு முழுக்க வேலை. உடம்பெல்லாம் நார் அரித்தது. எழுந்து போகிற அவசரத்தில் சிரித்துக்கொண்டே சொன்னார். "ஆகாது. ஆனா உங்க நாச்சிமுத்துவைத் தயாரா வெச்சுக்கங்க. அவருதான் இருக்காரே."

அன்றைக்குப் படுக்கையில் மயிலாத்தாள் இரண்டையும் மாற்றி மாற்றிச் சொல்லிப் பார்த்துக்கொண்டாள். பின்னால் எதையும் கட்டக் கூடாது. நாச்சிமுத்து தயாராக இருக்க வேண்டும். எங்கே ஒன்றை மறந்துவிடுவோமோ என்று தூக்கமே வரவில்லை.

வெள்ளிக்கிழமை காலையில் மாப்பிள்ளையும் யமுனாவும் வந்து இறங்கினார்கள். மாப்பிள்ளை காரை ஒரு சுற்றுச் சுற்றிப் பார்த்தார். ஸ்டார்ட் செய்து பார்த்தார். "விட்டதைவிட நல்லா இருக்குதுங்களே அத்தை" என்றார். "எங்கம்மாகிட்டச் சொல்றேன்." மயிலாத்தாளுக்குப் போன உயிர் திரும்பி வந்தது. கிட்டுசாமி உள்ளே கூட்டிப்போய் இலை போட்டார்.

மாப்பிள்ளை சாப்பிடுகிற நேரத்தில்தான் அவள் வேலையை ஆரம்பித்தாள். அப்பாச்சியை ஒத்தாசைக்குக் கூப்பிட்டாள். கயிற்றைத் தானே முறுக்கினாள். முடிச்சைத் தானே போட்டாள், அதன் மேல் இன்னொரு முடிச்சும் போட்டாள். காரைச் சுற்றி வந்து பின்பக்கத்தைக் குனிந்து பார்த்தாள். ஒரு நூல்கூடத் தொங்கவில்லை. அப்பாடா என்று இருந்தது.

கையைத் துடைத்துக்கொண்டே வெளியே வந்த மாப்பிள்ளை வாசலில் அப்படியே நின்றுவிட்டார். யமுனா முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள்.

காருக்கு முன்னால் டீ வண்டி கட்டியிருந்தது. அதன் மேல் பாய்லர் புகைந்துகொண்டிருந்தது. பக்கத்தில் நாச்சிமுத்து குளித்து, திருநீறு பூசி, மப்ளர் சுற்றிக்கொண்டு, இரண்டு கையிலும் குவளையோடு வால்பாறை இருக்கிற திசையைப் பார்த்துத் தயாராக நின்றான்.

"அத்தை, என்னங்க இது?"

மயிலாத்தாள் தலைப்பை இழுத்துச் சொருகிக்கொண்டு நிமிர்ந்து நின்றாள். வாழ்க்கையிலேயே முதல் தடவையாக, தப்பாகச் சொல்லிவிடுவோமோ என்கிற பயம் அவளுக்குத் துளிக்கூட இல்லை.

"பின்னால ஒண்ணுமே கட்டலீங்க மாப்பிள்ளை" என்றாள்.